சிரிக்கிற வேலை

உயர்தர ஏ.எல். பரீட்சையில் மூன்று பாடமும் சித்தியடைந்த டிலக்ஷி, கொழுந்துக் கூடையை முதன்முதலாகத் தலையில் மாட்டிக்கொண்டது எல்ல ஊர்ப் பக்கத்து ஹோட்டல் ஒன்றின் சாமான் அறையில்தான். ஊத்துமலைத் தேயிலைத் தோட்டத்து லய வீட்டில் பிறந்து வளர்ந்தவள் அவள். அம்மா இருதயம்மாவின் கூடையை எடுத்துக் கொடுத்திருக்கிறாள், கழுவிக் கவிழ்த்து வைத்திருக்கிறாள். மாட்டியதில்லை. "இந்தக் கயிறு என் தலையோட போவட்டும்" என்று இருதயம்மா சொல்லி வைத்திருந்தாள்.

ஹோட்டல் கூடை புதிது. வார்னிஷ் வாசம் அடித்தது. கூடவே சிவப்புக் கரை போட்ட மஞ்சள் சேலை, கண்ணாடி வளையல், காலுக்குக் கொலுசு. செருப்பு கூடாது.

"பொட்டு வையிடி" என்றாள் கம்சலா. இந்த வேலையைப் பிடித்துக் கொடுத்தவள் அவள்தான். பக்கத்து லயத்துக்காரி, கூடப் படித்தவள்.

"நாங்க வேதக்காரங்கடி, மாதா கோயிலுக்குப் போறவங்க. அம்மா பாத்தா திட்டும்."

"ஹோட்டல்காரனுக்கு வேதமும் இல்ல, சாமியும் இல்ல. போட்டோவுக்குப் பொட்டு வேணும். வை."

ஹோட்டலுக்குப் பக்கத்துச் சரிவில் ஒரு துண்டுத் தேயிலை இருந்தது. அதைக் குத்தகைக்கு எடுத்து, கம்பளம் விரித்த மாதிரி வெட்டி வைத்திருந்தார்கள். காலைச் சாப்பாடு முடிந்து வெளிநாட்டுக்காரர்கள் இறங்கி வரும்போது டிலக்ஷி, கம்சலா, துஷாந்தினி மூவரும் செடிகளுக்கு நடுவில் நின்று கொழுந்து எடுக்க வேண்டும். எடுத்த கொழுந்து எந்தத் தொழிற்சாலைக்கும் போகாது. பின்பக்கக் குழியில் கொட்டுவார்கள்.

முதல் நாள் சாயங்காலம் இதையெல்லாம் கேட்ட இருதயம்மா, ரொட்டி தட்டிக்கொண்டிருந்த கையை நிறுத்திவிட்டு மகளைப் பார்த்தாள்.

"சேலை கட்டிக்கிட்டா? அட்டை ஏறுனா எப்பிடிப் புடுங்கிப் போடுவ?"

"அட்டை இல்லம்மா. மருந்து அடிச்சி வச்சிருக்காங்க."

"ஓ! அட்டைக்கெல்லாம் மருந்து அடிக்கிறாங்களா?" இருதயம்மா மறுபடி மாவைத் தட்டினாள். "முப்பது வருசமா சவுக்காரத்தக் காலுல பூசிக்கிட்டு மலைக்குப் போனேன். எனக்கு ஒருத்தனும் சொல்லலியே."

ரொட்டி கல்லில் விழுந்தது. கட்டச்சம்பல் அரைத்த அம்மியைக் கழுவிக்கொண்டே டிலக்ஷி சிரித்தாள். அம்மா சிரிக்கவில்லை. இடது கண்ணில் பால் படிந்த மாதிரி ஒரு வெள்ளை. அந்தக் கண்ணால் அடுப்பு நெருப்புகூட மங்கலாகத்தான் தெரியும்.

போன வருசம் மாசியில் ஏழாம் நம்பர் மலையில் குளவி கலைந்தது. மற்றவர்கள் கூடையைப் போட்டுவிட்டு ஓடினார்கள். இருதயம்மா தண்ணீர் ஓடும் கானுக்குள் விழுந்தாள்; குளவிகள் முகத்தை மொய்த்தன. பதுளை ஆஸ்பத்திரியில் பிழைக்க வைத்தார்கள். கண் திரும்பவில்லை. சரிவில் நின்றால் தலை சுற்றுகிறது என்று சொல்லி, புல் வெட்டாத, ஏறி இறங்காத வேலை ஏதாவது கேட்டாள். தோட்டத்தில் அப்படி வேலை இல்லை என்றார்கள். காலையில் ஆள் கணக்கெடுக்கிற பெரட்டுக் களத்துக்குப் போகாதவளுக்குப் பேரும் சம்பளமும் இல்லாமல் போயிற்று. அதற்குப் பிறகு தண்ணீர்ப் பீலியைத் தாண்டி அவள் எங்கும் போனதில்லை. மாதா கோயிலுக்குக்கூட. ஒரு வண்டு பறந்தாலும் முந்தானையால் முகத்தை மூடிக்கொள்வாள்.

டிலக்ஷிக்கு அப்பா இல்லை. கொழும்புக்குப் போயிருந்தால் எங்கேயாவது வீட்டு வேலையோ தையல் வேலையோ கிடைத்திருக்கும். அம்மாவை விட்டுப் போக முடியவில்லை. பதுளையில் ஒரு துணிக்கடையில் பயிற்சி என்று சேர்த்துக்கொண்டார்கள். வேலையை நிரந்தரமாக்க வேண்டிய மாதம் வந்ததும் அனுப்பிவிட்டு, அடுத்த தொகுதிப் பிள்ளைகளைப் பயிற்சிக்கு எடுத்தார்கள். பிறகு ஒரு போட்டோகொப்பிக் கடை. அதுவும் மூடிப்போயிற்று. தோட்டத்துப் பாலர் பாடசாலையில் சேவையாகப் படிப்பிக்கச் சொன்னார்கள். சேவை என்றால் சம்பளம் இல்லை என்று அர்த்தம். அதற்குப் பிறகுதான் கம்சலா வந்து இந்த வேலையைச் சொன்னாள்.

ஹோட்டல் மனேஜர் திலீபன் பதுளைப் பட்டணத்துக் கடைக்காரக் குடும்பத்துப் பிள்ளை. நெற்றியில் எப்போதும் விபூதி இருக்கும். அதட்டிப் பேச மாட்டார். மதியச் சாப்பாடு கொடுப்பார், விருந்தாளிகளின் மேசையில் மிஞ்சியதுதான் என்றாலும். பிள்ளைகளின் கையில் யாராவது காசு வைத்தால் அதை வரவேற்பு மேசைப் பெட்டியில் போட்டுவிட வேண்டும் என்பது மட்டும் அவருடைய சட்டம். அந்தப் பெட்டியை யார் திறக்கிறார்கள் என்று எவருக்கும் தெரியாது.

ஒரு நாள், வெளிநாட்டுக்காரர்களைக் கூட்டி வந்த கைட், இந்தப் பெண்கள் விடியும்போதே பாடிக்கொண்டு மலைக்கு வருவார்கள், வேறு வேலை கொடுத்தாலும் போக மாட்டார்கள் என்று இங்கிலீசில் சொல்லிக்கொண்டிருந்தான். வயதான வெள்ளைக்காரி ஒருத்தி டிலக்ஷியிடம், அப்படியா என்று கேட்டாள்.

"வேறு வேலை எங்கே இருக்கிறது என்று இவரிடம் கேட்டுச் சொல்லுங்கள்" என்று டிலக்ஷி இங்கிலீசிலேயே சொன்னாள். "நான்கு வருசமாகத் தேடுகிறேன்."

வெள்ளைக்காரி வாயைப் பொத்திக்கொண்டாள். கைட்டின் முகம் கறுத்தது. அன்று பின்னேரம் திலீபன் அவளைக் கூப்பிட்டார்.

"தங்கச்சி, ஒங்களுக்கு இங்கிலிஸ் வரும்னு எனக்குத் தெரியும். ஆனா பேசுறது கைட்டோட வேல. சிரிக்கிறதுதான் ஒங்க வேல."

"அந்த கைட் வேலைக்கே என்னயப் போடலாமே சேர்?"

திலீபன் அதைப் பகிடியாக எடுத்துக்கொண்டார். "சேலையில நல்லாத்தான இருக்கீங்க" என்றார்.

ஐப்பசி பிறந்தது. மழை காலையில் விட்டு, பின்னேரம் பிடித்தது. கொழும்பிலிருந்து முதலாளி ஆட்களைக் கூட்டிக்கொண்டு வந்தார். ஹோட்டலுக்கு விளம்பரப் படம் எடுக்கிறார்களாம். ஆகாயத்திலிருந்து எடுக்கிற கேமரா, சின்ன ஹெலிகொப்டர் மாதிரி, அதற்கு ட்ரோன் என்று பெயர். படம் எடுப்பதற்கு முதல் நாள் ஒத்திகைக்கு அதைப் பறக்கவிட்டார்கள். இரைச்சலோடு தேயிலைக்கு மேல் ஒரு சுற்றுச் சுற்றி, சரிவின் ஓரத்தில் நின்ற சவுக்கு மரத்தை உரசுகிற மாதிரிப் போனது.

துஷாந்தினிதான் முதலில் கண்டாள். "அங்க பாருங்கடி."

உயரக் கிளையின் அடியில் பலாப்பழம் அளவுக்கு ஒரு கூடு தொங்கியது. அதை மூடியிருந்த குளவிகள் மேலிருந்து கீழாக ஒரு அலை போல அசைந்து அடங்கின. ட்ரோன் திரும்பி வந்தபோது மறுபடி அசைந்தன.

டிலக்ஷியின் கால் தானாகப் பின்னுக்கு வந்தது. கூடைக் கயிற்றைத் தலையிலிருந்து கழற்றினாள்.

"சேர், கூடு இருக்கு. நாங்க இங்க நிக்க மாட்டோம்."

திலீபன் அண்ணாந்து பார்த்தார். "அது ரொம்ப நாளா இருக்கு தங்கச்சி. ஒங்கள ஏதும் செஞ்சிச்சா?"

"செய்யல. இது வரைக்கும் அதுக்கு மேல மெசின் பறக்கலியே."

"நாளைக்கு ஒரு மணித்தியால வேல. எடுத்து முடிச்சதும் ஆளப் போட்டு எரிச்சிருவோம்."

"எரிச்சிட்டு எடுங்க."

"மழைக்கு முந்தி எடுக்கணும். முதலாளி நாளைக்கே போயிருவாரு." திலீபன் குரலைத் தாழ்த்தினார். "கம்சலா, நீங்களாவது சொல்லுங்க. ஒங்கள நம்பித்தான் இவங்கள எடுத்தேன்."

வீட்டில் கம்சலாவுக்குக் கீழே இரண்டு தங்கச்சிகள். ஆனாலும் அவளும் கூடையை இறக்கினாள்.

"இவ அம்மாவக் கானுலருந்து தூக்குன ஆளுகள்ல எங்கப்பாவும் ஒரு ஆளு சேர். மூஞ்சி எப்பிடி இருந்துச்சின்னு நான் பாத்தேன். நிக்க மாட்டேன்."

"அப்ப நாளையிலருந்து வராதீங்க" என்றார் திலீபன். அப்போதும் அதட்டவில்லை. "தோட்டத்துக் கீழ்ப் பிரிவுல புள்ளைங்க வேல கேட்டுக்கிட்டேதான் இருக்குதுங்க."

மூவரும் சேலையை மடித்துச் சாமான் அறையில் வைத்துவிட்டு, மழையில் நனைந்துகொண்டே நடந்து வந்தார்கள்.

இருதயம்மா வாசலில் நின்றாள். மகள் நேரத்தோடு வருவதைப் பார்த்ததுமே அவளுக்குப் புரிந்துவிட்டது.

"அதுவும் போச்சா?"

"போச்சி."

"என்னாத்தப் பேசித் தொலைச்ச? ஒனக்கு வாய அடக்கத் தெரியாது. பல்லக் காட்டிக்கிட்டு நிக்கிறதுல என்னாடி கொறஞ்சிரப் போவுது? நான் எத்தன தொரமாருக்கு, எத்தன கங்காணிமாருக்குப் பல்லக் காட்டியிருப்பேன். நீ ஒருத்திதான் பெரிய…"

"குளவிக் கூடும்மா."

இருதயம்மாவின் கை முந்தானைக்குப் போனது.

"தலைக்கு மேல. அதுக்கு மேல மெசினப் பறக்கவுட்டுப் படம் எடுக்குறாங்களாம். மாட்டேன்னு சொன்னோம். நாளைக்குக் கீழ்ப் பிரிவுப் புள்ளைகள நிப்பாட்டப் போறாங்க."

இருதயம்மா உள்ளே போனாள். தேத்தண்ணி ஊற்றினாள், கொண்டு வந்து கொடுத்தாள். மகள் குடிக்கும் வரை பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள்.

"எந்தப் புள்ளைக?"

"தெரியல. சிவானுஜா வருவாளாம். போன வருசம் ஏ.எல். எழுதுனாளே, அவ."

"அதுகளுக்குக் கூடு இருக்குன்னு தெரியுமா?"

"திலீபன் சேர் சொல்லுவாராக்கும்!"

"நீ சொன்னியா?"

டிலக்ஷி வெறுங்கோப்பையைக் கீழே வைத்தாள். சிவானுஜாவின் நம்பர் அவளிடம் இல்லை. கீழ்ப் பிரிவுக்கு மழையில் இறங்கிப் போக மனமும் இருக்கவில்லை. தங்கள் வேலையைப் பிடுங்க வருகிறவள் என்ற கோபம்தான் இருந்தது.

"காலையில போவோம்" என்றாள் இருதயம்மா.

"யாரு?"

"நீயும் நானும்."

விடிந்தபோது மழை விட்டிருந்தது. இருதயம்மா பழைய பாவாடைக்கு மேல் படங்கைக் கட்டினாள். மலைக்குப் போகும்போது ஈரம் ஏறாமல் இடுப்பில் சுற்றுகிற அந்த ரப்பர்ச் சீலையை ஒரு வருசத்துக்கு மேலாக அவள் தொட்டதில்லை. தலைக்குத் துணி கட்டினாள். பீலி வரைக்கும் சாதாரணமாக வந்தாள். பீலியைத் தாண்டியதும் மகளின் தோளைப் பிடித்துக்கொண்டாள்.

"முடியலன்னா திரும்பிருவோம்மா."

"நட. பேசாம நட. பேசுனா எனக்குப் பயம் வருது."

பாதையோரத்துத் தேயிலையில் தேனீயோ என்னவோ ஒன்று ரீங்காரமிட்டது. இருதயம்மா கண்ணை மூடிக்கொண்டு அந்த இடத்தைக் கடந்தாள். பின்னால் கம்சலாவும் துஷாந்தினியும் ஓடி வந்து சேர்ந்துகொண்டார்கள்.

ஹோட்டல் சரிவில் சிவானுஜாவும் இன்னும் இரண்டு பிள்ளைகளும் மஞ்சள் சேலையில் நின்றார்கள். கேமராக்காரப் பையன்கள் ட்ரோனைத் தரையில் வைத்து எதையோ முடுக்கிக்கொண்டிருந்தார்கள். மேல் வராந்தாவில் கோப்பிக் கோப்பையோடு முதலாளி. திலீபன் இவர்களைக் கண்டதும் வேகமாக இறங்கி வந்தார்.

"இது தனியார் எடம். தயவு செஞ்சி போயிருங்க."

இருதயம்மா அவரைத் தாண்டி, தேயிலைக்குள் இறங்கி, சிவானுஜாவுக்கு முன்னால் போய் நின்று தலைத்துணியை அவிழ்த்தாள்.

"ஏ புள்ள, என்னயப் பாரு. இந்தக் கண்ணப் பாரு. பாத்தியா? இப்ப அங்குட்டு மேல பாரு."

சிவானுஜா அண்ணாந்து பார்த்தாள். கூடை அவள் முதுகில் நழுவியது.

"எங்ககிட்ட சொல்லலியே பெரியம்மா."

"அதான் நான் வந்து சொல்றேன். எனக்கும் அன்னைக்கு எவனும் சொல்லல."

டிலக்ஷி கேமராக்காரப் பையன்களிடம் சிங்களத்தில் விளக்கினாள். அவர்களில் மூத்தவன் மரத்தையும் இருதயம்மாவின் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தான். ட்ரோனின் பற்றரியைக் கழற்றிப் பையில் போட்டுக்கொண்டான். திலீபன் அவனிடம் என்னவோ சொன்னார். அவன் தலையை ஆட்டி மறுத்தான். வராந்தாவில் முதலாளி உள்ளே போய்விட்டார்.

"தாய்மாரே, நீங்க செஞ்சது சரியில்ல" என்றார் திலீபன். "பத்துப் பேருக்கு வேல குடுக்குற எடம் இது."

"குடுங்க. உசுரோட இருக்கிற மாதிரிக் குடுங்க" என்றாள் இருதயம்மா.

பின்னேரம் மழை இறங்கியது. படம் எடுக்காமலே கொழும்புக்காரர்கள் போனார்கள். அன்று குளவி கலையவில்லை. அடுத்த நாள் யாரோ புகை போட்டுக் கூட்டை எரித்தார்கள். ஒருவருக்கும் ஒன்றும் ஆகவில்லை. ஒன்றும் ஆகாததே பிள்ளைகளுக்கு வினையாயிற்று. வேண்டுமென்றே வேலையைக் கெடுத்தார்கள் என்று எல்லாப் பக்கமும் கதை பரவியது. கம்சலா ஏறி இறங்கிய மற்ற ஹோட்டல்களில், "நீங்கதானா அது?" என்று கேட்டுவிட்டு இடமில்லை என்றார்கள். கடைசி இரண்டு வாரம் வேலை செய்ததற்கு உண்டான சம்பளத்தைக் கேட்டபோது, நீங்கள் இங்கே வேலை செய்ததாக ஒரு பதிவும் இல்லையே என்று வரவேற்பு மேசையில் பதில் வந்தது.

லயத்துக்குள்ளும் பேச்சு வந்தது. சிவானுஜாவின் அப்பா பீலியடியில் வைத்து இருதயம்மாவிடம் கேட்டார். "ஒங்க மக வேலையும் போச்சி, எங்க மக வேலையும் போச்சி. என்னா லாபம்?"

இருதயம்மா குடத்தை இடுப்பில் ஏற்றிக்கொண்டாள். "ஒங்க மகளுக்கு ரெண்டு கண்ணும் இருக்கே அண்ணே. வீட்டுக்குப் போயி எண்ணிப் பாருங்க."

அடுத்த நாள் சிவானுஜா தானாக டிலக்ஷியைத் தேடி வந்தாள். "அக்கா, முறைப்பாடு குடுக்கப் பதுளைக்குப் போறீங்கன்னு கேள்விப்பட்டேன். நானும் வாறேன்" என்றாள்.

"ஒனக்கு என்னா? நீ ஒரு நாள்கூட நிக்கலியே."

"நிக்க வச்சாங்கல்ல?"

பதுளை பஸ்ஸில் ஐந்து பேரும் ஏறினார்கள். ஹாலிஎல வரைக்கும் நின்றுகொண்டே வந்து, பிறகுதான் இருதயம்மாவுக்கு ஒரு சீட் கிடைத்தது. ஜன்னலோரம் உட்கார்ந்து, ஒரு கண்ணால் எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டே வந்தாள். ஆஸ்பத்திரிக்குப் போன நாளுக்குப் பிறகு பதுளையை இப்போதுதான் பார்க்கிறாள். "கட எல்லாம் மாடியாயிருச்சே" என்றாள்.

தொழில் அலுவலகத்தில் முறைப்பாடு எடுத்த உத்தியோகத்தர் ஜஸீல் இளவயதுக்காரர். ஐந்து பேருக்கும் கதிரை போடச் சொன்னார். கதிரை மூன்றுதான் இருந்தது. மற்றவர்கள் சுவரோரம் நின்றார்கள். கதையை முழுதாகக் கேட்டார்.

"வேலைக்கு எடுத்த நேரம் கடிதம் ஏதும் தந்தாங்களா?"

"இல்ல சேர்."

"சம்பளச் சீட்டு? கையொப்பம் வெச்ச ஏதாவது?"

"கையில குடுத்தாங்க. கையொப்பம் இல்ல."

ஜஸீல் பேனையை மேசையில் வைத்தார். "அப்ப இவங்க எங்கட ஆக்களே இல்லண்டு சொல்லிருவாங்க தங்கச்சி. அதான் வழமையா நடக்குற. நான் ஒங்களப் பயப்படுத்தச் சொல்லல்ல. முன்னுக்கே தெரிஞ்சிக்கிட்டா நல்லம்."

கம்சலா போனை எடுத்தாள். எதையோ தேடி, திரையை அவர் பக்கம் திருப்பி வைத்தாள். ஹோட்டலின் சொந்தப் பக்கம். தேயிலைச் சரிவில் மூன்று பெண்கள், மஞ்சள் சேலை, கூடை, சிரிப்பு. கீழே இங்கிலீசில் இரண்டு வரி. டிலக்ஷி அதை வாசித்துச் சொன்னாள்: "எங்கள் பெண்கள் உங்களை வரவேற்கக் காத்திருக்கிறார்கள்."

ஜஸீல் குனிந்து படத்தைப் பார்த்தார். நிமிர்ந்து மூவரின் முகத்தையும் பார்த்தார். மறுபடி படத்தைப் பார்த்தார்.

"எங்கள் பெண்கள்ண்டு அவங்களே போட்டிருக்காங்க" என்றார் மெதுவாக.

"ஆமா சேர். இப்பயும் இருக்கு. இன்னும் எடுக்கல" என்றாள் துஷாந்தினி.

"இத எனக்கு அனுப்புங்க. இப்பவே அனுப்புங்க, அவங்க அழிக்க முந்தி." அவர் படிவத்தை இழுத்துப் போட்டுக்கொண்டு எழுதத் தொடங்கினார். பெயர், விலாசம், அடையாள அட்டை இலக்கம். பேனை வேகமாக ஓடிக்கொண்டிருந்து ஓர் இடத்தில் நின்றது.

"செய்த தொழில்… இதுக்கு என்னண்டு போடுற? கொழுந்து பறிப்பவர்ண்டு போடவா?"

"இல்ல" என்றாள் இருதயம்மா.

எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். அந்த அறைக்குள் வந்ததிலிருந்து அவள் வாய் திறந்திருக்கவில்லை.

"அது நான். முப்பது வருசம் எடுத்தேன், ஒரு கண்ணையும் குடுத்தேன். அத இவளுகளுக்குப் போடாதீங்க. இவளுக செஞ்சது வேற வேல."

"அப்ப என்ன வேலண்டு சொல்லுங்கம்மா?"

இருதயம்மா மகளைப் பார்த்தாள். டிலக்ஷி கதிரையை முன்னுக்கு இழுத்துப் போட்டுக்கொண்டாள்.

"கொழுந்து எடுக்குற மாதிரி நிக்கிற வேல சேர். வெயில்ல நின்னோம், பனியில வெறுங்காலோட நின்னோம். அவங்க சொன்ன நேரத்துக்கெல்லாம் சிரிச்சோம். பேசக் கூடாதுன்னாங்க, பேசாமயும் இருந்தோம். சாவுறதுக்கு நிக்கச் சொன்ன அன்னைக்குத்தான் மாட்டேன்னு சொன்னோம். இதுதான் நாங்க செஞ்ச தொழில். அப்பிடியே எழுதுங்க."

ஜஸீல் கட்டத்தை விரலால் அளந்து பார்த்தார். "இவ்வளவும் இதுக்குள்ள அடங்காதே தங்கச்சி."

"அடங்கலன்னா தாளத் திருப்பி அடுத்த பக்கத்துல எழுதுங்க சேர்" என்றாள் டிலக்ஷி. "நாங்க இருக்கோம். எழுதி முடிச்சதும் வாசிச்சுப் பாத்துட்டுத்தான் போவோம்."